இறந்தவர் வெளியே தலைகாட்டக் கூடாது

இங்கே உட்கார மரநாற்காலி போட்டிருக்கிறீர்கள். நல்ல விஷயம். நான்கு கால்களும் தரையில் சமமாக நிற்கின்றன. உள்ளே வந்ததும் முதலில் அதைத்தான் பார்த்தேன். தொழில் பழக்கம்.

என்னையே எழுதித் தரச் சொன்னீர்கள், ஐயா. சிரமமில்லை, எழுதுவதுதான் என் வேலை. பொதுப் பாதுகாப்பு விளம்பரப் பிரிவில் பதினாறு வருடங்களாக வசனம் எழுதுகிறேன். எல்லாம் அரை நிமிடப் படங்கள். பேருந்து நிலையத்திலும் செய்திகளுக்கு நடுவிலும் பார்த்து நீங்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டிருப்பீர்கள். காதுக்குள் குச்சியை விட்டபடியே கதவைத் திறக்கப் போகும் மனிதர் என்னுடையவர். கொதிக்கும் பாத்திரத்தின் கைப்பிடியை வெளிப்பக்கம் திருப்பி வைத்துவிட்டுத் தொலைபேசியில் சிரிக்கும் பெண்ணும் என்னுடையவள். காதுப் படம் வந்த பிறகு ஊரில் பாதிப் பேர் காதைத் தொடுவதையே விட்டுவிட்டார்கள். காது மருத்துவர் ஒருவர் அலுவலகத்துக்கே வந்து, "உங்க புண்ணியத்துல நான் பேசறது ஒருத்தருக்கும் கேக்க மாட்டேங்குது சார்" என்று கோபித்துக்கொண்டு போனார். நாங்கள் அதை வெற்றி என்றே எடுத்துக்கொண்டோம்.

எங்கள் பிரிவில் ஒரு வழக்கம் உண்டு. படம் வெளியாகும் முன் தெருவில் போகிற வருகிற பன்னிரண்டு பேரை அழைத்து வந்து உட்காரவைத்துப் போட்டுக் காட்டுவோம். பக்கவாட்டில் ஓர் அக்கா உட்கார்ந்திருப்பார். அவர் கையில் பேருந்தில் ஆள் எண்ணும் சின்னக் கருவி இருக்கும். ஒருவர் கண்ணை மூடினால் ஒரு அழுத்து. ஏழு பேராவது மூட வேண்டும். "நாலுதாங்க" என்று அக்கா சொன்னால் மேலாளர் அம்மா என் பக்கம் திரும்பி, "என்ன சார், தாலாட்டு எழுதிக் குடுத்துட்டீங்களா?" என்பார்.

இன்னொரு விதியும் உண்டு. படத்தில் இறப்பவர் ஒரு படிவத்தில் கையெழுத்துப் போட வேண்டும். படம் ஓடுகிற ஆறு மாதமும் அவர் வெளியே தலைகாட்டக் கூடாது. அதற்காகவே நடிகர்களைத் தூரத்து ஊர்களிலிருந்து வரவழைப்போம். காலையில் டிவியில் செத்தவர் மாலையில் கத்தரிக்காய்க்குப் பேரம் பேசிக்கொண்டு நின்றால் யார் பயப்படுவார்கள்? நியாயமான விதி. அதை மீறியது நான் அல்ல என்பதைத் தயவுசெய்து கவனியுங்கள்.

என் மனைவி நான்கு வருடங்களுக்கு முன் பிளாஸ்டிக் நாற்காலியில் ஏறிப் பரணிலிருந்து போர்வை எடுக்கும்போது விழுந்து இறந்தாள். சுருக்கமாகச் சொல்கிறேன் என்று நினைக்காதீர்கள். அது சுருக்கமாகத்தான் நடந்தது.

அதன் பிறகுதான் அந்த நாற்காலிகளைக் கவனிக்கத் தொடங்கினேன். எந்த வீட்டிலும் இருக்கும். வெயிலில் கிடந்து வெளுத்திருக்கும். உட்காருவதைவிட அதிகமாக அதன் மேல் ஏறத்தான் செய்கிறார்கள். எலும்பு மருத்துவமனையில் விசாரித்தேன். மாதத்துக்கு நாற்பது பேர் நாற்காலியிலிருந்து விழுந்து வருகிறார்கள் என்றார்கள்.

படத்தை எழுத மூன்று வருடம் ஆனது. ஒருவர் சுவர்க் கடிகாரத்தைச் சரிசெய்ய நாற்காலியில் ஏறுகிறார், மனைவியிடம் ஏதோ வேடிக்கை பேசுகிறார், பாதிப் பேச்சில் விழுகிறார். பிறகு காமிரா அவருடைய திறந்த கண்களில் பதினோரு நொடி நிற்கிறது. அவ்வளவுதான். ஆனால் விழ ஆள் கிடைக்கவில்லை. தொழில்முறை நடிகர்கள் மரியாதையாக விழுந்தார்கள். ஒருவர் தலைமுடி கலையாமல் விழுந்தார்.

அன்று வேடிக்கை பார்க்க என் மைத்துனன் வந்திருந்தான். என் மனைவிக்கு ஒரே தம்பி. அச்சகத்தில் புத்தகக் கட்டு வேலை. கவலை என்பது எந்தக் கடையில் கிடைக்கும் என்று கேட்கிற ஆள்.

"மாமா, நான் ஒருவாட்டி விழுந்து பாக்கட்டுமா?"

"வெளையாட்டில்ல மாப்ளே. ஆறு மாசம் வீட்டுக்குள்ளயே கெடக்கணும்."

"அதென்ன பெரிய விஷயம், எனக்குத் தூக்கம்னா உசுரு."

செட் தச்சர் நாற்காலியின் பின்கால் இரண்டையும் அடிப்பக்கமாக இரும்பறுக்கும் ரம்பத்தால் முக்கால்வாசி அறுத்து வைத்திருந்தார். இடுப்பை லேசாகத் திருப்பினால் கால் விரிந்துவிடும். காமிராவுக்கு வெளியே மெத்தை. மைத்துனன் வாக்கியத்தின் நடுவில், வாயைத் திறந்தபடியே விழுந்தான். அப்புறம் கண்கள். என் மனைவிக்கும் அவனுக்கும் கண்கள் ஒரே அச்சு. இயக்குநர் நான்கு நொடி போதும் என்றார். நான் பதினொன்றுக்குக் குறைய விடவில்லை.

பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு. டீ கொண்டுவந்த அம்மா தட்டைக் கீழே போட்டுவிட்டார். எண்ணுகிற அக்காவே நடுவில் கண்ணை மூடிக்கொண்டதால் கடைசி இரண்டு அழுத்துகள் உத்தேசம்தான் என்று அறிக்கையில் குறிப்பிட்டோம்.

அடுத்த மாதம் மருத்துவமனைக்கு ஒன்பது பேர் மட்டுமே வந்தார்கள். மக்கள் நாற்காலியை வாசலுக்கு வெளியே வைத்துவிட்டுத் தூங்கினார்கள். முப்பத்தொரு பேர் முழுக் கைகாலோடு நடமாடினார்கள், ஐயா. அந்த ஒரு மாதம் எனக்குச் சாப்பாடு இறங்கியது.

மைத்துனன் முப்பத்தொன்பது நாள் வீட்டில் இருந்தான். நாற்பதாம் நாள் முடிவெட்டப் போனான்.

முடிவெட்டுபவர் கத்தரிக்கோலோடு அப்படியே நின்றுவிட்டாராம். "அண்ணே, நீங்க போய்ச் சேந்துட்டீங்கன்னு என் வீட்டுக்காரி ரெண்டு நாள் அழுதாளே?"

"போனேன் தம்பி. அங்கயும் முடி வெட்டிட்டு வான்னு திருப்பி அனுப்பிட்டாங்க."

கடை முழுக்கச் சிரிப்பு. மாலைக்குள் தெரு முழுக்க. ஒரு வாரத்தில் அவனுக்குச் 'செத்தண்ணன்' என்று பெயர் வைத்துவிட்டார்கள். நாற்காலிக் கடை ஒன்றைத் திறந்துவைக்க அவனை அழைத்தார்கள். அவன் புது நாற்காலியின் மேல் ஏறி, ஒரு காலைத் தூக்கி, "பாத்துக்கங்க, நான் கல்லு மாதிரி இருக்கேன்" என்றான். கைதட்டல் நான் இருந்த இடம் வரை கேட்டது. பேருந்து நிலையத்தில் படம் வரும்போது ஜனங்கள் திரையைப் பார்த்துக் கையாட்டத் தொடங்கினார்கள்.

அந்த மாதம் மருத்துவமனைக்கு வந்தவர்கள் ஐம்பத்துமூன்று பேர். படம் வருவதற்கு முன்பு இருந்ததைவிட அதிகம். அவர்களில் ஒருவர் தையல்காரப் பெண், இரண்டு குழந்தைகளுக்குத் தாய். அவர் வீடு திரும்பவில்லை. நான் அங்கே போயிருந்தேன். கணவர் தையல் எந்திரத்தின் மேல் கையை வைத்துக்கொண்டு நின்றார். "ஏணி எடுத்தாறேன், இருன்னுதான் சார் சொன்னேன். அந்த ஆளே எந்திரிச்சு வந்துட்டாரு, எனக்கு மட்டும் என்ன ஆகிடப் போகுதுன்னா" என்றார். வெளியே வந்து அந்த வாக்கியத்தை நோட்டில் எழுதிக்கொண்டேன். என்னால் இப்படி ஒரு வாக்கியம் எழுத முடியாது.

அலுவலகத்தில் கூட்டம் போட்டார்கள். மேலாளர் அம்மா, "பேசாம உங்க மச்சினருக்கு ஒரு இரங்கல் சுவரொட்டி அடிச்சு ஒட்டிருவோம் சார்" என்றார். நானூறு ஒட்டினோம். வாசகம் என்னுடையது, அடக்கமாகவே எழுதியிருந்தேன். மைத்துனன் அதன் பக்கத்தில் நின்று, சுவரொட்டியில் இருப்பது போலவே முகத்தை வைத்துக்கொண்டு படம் எடுத்து எல்லோருக்கும் அனுப்பினான்.

நான் அவனிடம் பேசாமல் இல்லை. அச்சகத்துக்கே போனேன். பசை தடவிக்கொண்டிருந்தான்.

"மாப்ளே, ஒரு நாலு மாசம் வெளியூர் போயிடேன்."

"என்ன மாமா, உயிரோட இருக்கறது ஒரு குத்தமா?"

"உன்னப் பாத்துதான் அந்தப் பொண்ணு ஏறியிருக்கு."

அவன் பசைத் தூரிகையைக் கீழே வைத்தான். முகம் மாறியது. "மாமா, நாலு வருஷமா நம்ம வீட்ல ஒருத்தரும் சிரிக்கல. என்னைப் பாத்து ஊரே சிரிக்குது. அதைப் போயி நிறுத்தச் சொல்றீங்களே" என்றான். பிறகு, "நீங்களும் கொஞ்சம் சிரிங்க மாமா. அக்கா ஒண்ணும் சொல்ல மாட்டா" என்றான்.

நல்ல பையன். அதில் எனக்கு எப்போதும் சந்தேகம் இருந்ததில்லை. ஆனால் ஒரு பக்கம் மாதம் கூடுதலாக விழும் நாற்பத்துநாலு பேர், இன்னொரு பக்கம் ஒருவன். நீங்கள் என் இடத்தில் இருந்தால் எப்படி யோசித்திருப்பீர்கள் என்று எனக்குத் தெரியாது. நான் வசனம் எழுதுகிறவன். ஒரு வாக்கியம் பொய்யாகிப் போனால் அதை மெய்யாக்குவது என் பொறுப்பு.

ஞாயிற்றுக்கிழமை காலை அவனை வீட்டுக்கு வரச் சொன்னேன். அவன் அக்காவின் படத்தைப் பெரிதாக்கிச் சட்டம் போட்டிருந்தேன், கூடத்தில் மாட்ட வேண்டும் என்றேன். சொன்ன நேரத்துக்கு முன்பே வந்துவிட்டான். படத்தை வாங்கிச் சட்டைக் கையால் கண்ணாடியைத் துடைத்தான். நாற்காலியைச் சுவரோரம் போட்டிருந்தேன். பின்கால்களில் அறுத்த வேலையில் தச்சரின் நேர்த்தி இல்லைதான், ஆனால் கண்ணுக்குத் தெரியாது. மெத்தை போடவில்லை. கீழே கருங்கல் தரை.

"ஏணி கொண்டாரட்டுமா மாப்ளே?" என்று கேட்டேன். கேட்டேன் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். ஒருமுறை எச்சரிக்க வேண்டும் என்பது எங்கள் பிரிவின் விதி.

"போங்க மாமா. நான்தான் ஏற்கெனவே செத்துட்டேனே" என்று சிரித்துக்கொண்டே ஏறினான்.

படம் மாட்டியாகிவிட்டது. நேராக இருக்கிறதா என்று என்னைக் கேட்கத் திரும்பினான்.

அதன் பிறகு நடந்ததுதான் எனக்குப் புரியவில்லை. ஒருவரும் நம்பவில்லை. ஆம்புலன்ஸ்காரர் அவன் முகத்தைப் பார்த்துவிட்டு, "காமிரா எங்க சார் வச்சிருக்கீங்க?" என்று கேட்டார். மருத்துவமனையில் இளம் மருத்துவர் ஒருவர் அவன் காதருகே குனிந்து, "அண்ணே, போதும், எந்திரிங்க" என்றார். வீட்டு வாசலில் கூடியவர்களில் பாதிப் பேர் அவன் எப்போது எழுந்து உட்காருவான் என்று காத்திருந்தார்கள். இரண்டாவது முறை ஒட்டிய சுவரொட்டியைப் பார்த்து, முதல் சுவரொட்டிதான் நன்றாக இருந்தது என்றார்கள். முடிவெட்டுபவர் மட்டும் அழுதார். இந்த மாத எண்ணிக்கை ஐம்பத்தாறு. வேறு வழியில்லாமல்தான் நானே காவல் நிலையத்துக்கு, உங்களிடம் வந்தேன். நீங்களும் முதலில், "இது எந்தப் படத்துக்கு சார்?" என்றுதான் கேட்டீர்கள்.

விழுந்த சத்தம் பத்தே காலுக்குக் கேட்டதாகப் பக்கத்து வீட்டார் சொல்கிறார்கள், ஆம்புலன்ஸை நான் அழைத்தது பத்து ஐம்பதுக்கு, நடுவில் என்ன செய்தேன் என்று கேட்டிருக்கிறீர்கள். சொல்கிறேன்.

அவன் உடனே இறக்கவில்லை. "மாமா, போன் பண்ணுங்க" என்றான். தெளிவாகவே சொன்னான். போன் என் சட்டைப் பையில் இருந்தது. பிழைத்துக்கொண்டால் கட்டுப் போட்ட தலையோடு இன்னும் பத்துக் கடை திறந்துவைப்பான் என்று நினைத்தேன். எடுக்கவில்லை. இன்னொரு முறை கேட்டான். பிறகு கேட்கவில்லை, என்னைப் பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தான்.

என் மனைவி அன்று, "என்னங்க, கொஞ்சம் வந்து புடிங்களேன்" என்று மூன்று முறை கூப்பிட்டாள். நான் அடுத்த அறையில் ஒரு வாக்கியத்தை முடித்துக்கொண்டிருந்தேன். முடித்துவிட்டுத்தான் போனேன். இந்த முறை அப்படியில்லை, ஐயா. தரையில் அவன் பக்கத்திலேயே உட்கார்ந்து, கையை இறுகப் பிடித்துக்கொண்டேன். அந்தக் கண்களைப் பார்த்து, "வந்துட்டேம்மா, இதோ வந்துட்டேன்" என்று கடைசி வரைக்கும் சொல்லிக்கொண்டே இருந்தேன்.