இடது கரை என்று எழுதியவர்

பெயரும் முகவரியும் முதல் தாளில் உள்ளபடி. வயது நாற்பத்து நான்கு. வேதியியலில் முதுகலை படித்து, நீர்ப் பரிசோதனைக் கூடத்தில் பத்தொன்பது ஆண்டுகளாக வேலை பார்த்து வருகிறேன். சாயப்பட்டறை கொடுத்த புகாரில் எதிரியாகச் சேர்க்கப்பட்டுள்ளவர் எங்களுக்கு ஆற்றுத் தண்ணீர் மாதிரி எடுத்து வருபவர். மீன்கொத்தி என்பார்கள். நான் அண்ணன் என்பேன்.

எங்கள் கிளையாறு மலையிலிருந்து இறங்கி, பட்டறை அருகே அகன்று, பெரிய ஆற்றில் சேருகிறது. பட்டறைக் குழாயிலிருந்து விழும் கழிவு உடனே கலந்துவிடாது. விழுந்த கரையை ஒட்டியே இரண்டு கிலோமீட்டர் ஓடும். எதிர்க் கரையில் மீன் துள்ளும். ஆகவே மாதிரி எந்தக் கரையில் எடுத்தது என்பதே வழக்கு.

போன வருடம் ஒருநாள் அவருடன் ஆற்றுக்குப் போனேன். முழங்கால் தண்ணீரில் நீரோட்டத்தை எதிர்த்து நின்று, புட்டியை மூன்று முறை அலசிய பிறகு நிரப்பினார். வியர்வைத் துளி விழுந்திருக்குமோ என்ற சந்தேகத்தில் அதைக் கொட்டிவிட்டு மறுபடி இறங்கினார். அப்போது குழாய் அவருடைய வலது கைப்பக்கம் இருந்தது. அது என் மனதில் தங்கிவிட்டது.

சென்ற மாதம் மூன்றாம் தேதி அவர் கொண்டுவந்த தண்ணீரில் சாயக் கழிவு இருந்தது; புட்டியில் 'இடது கரை' என்றிருந்தது. நான் அறிக்கையில் 'வலது கரை' என்று திருத்தினேன். அவரைக் கேட்கவில்லை. அதன் பிறகு பட்டறையார், அறிக்கையில் வலது, மாதிரி எடுத்தவரின் குறிப்பேட்டில் இடது, எனவே தங்களை மாட்டிவிட அவர் குறிப்பேட்டை மாற்றி எழுதினார் என்று புகார் கொடுத்தார்கள். எங்கள் கூடத்தில் அவரை வேலையிலிருந்து நிறுத்தினார்கள்.

அதன் பிறகு அவர் வீட்டுக்குப் போனேன். "ஆத்தை யாராச்சும் திருப்பிப் போட்டுட்டாங்களா மேடம்?" என்றார். பிறகு, "பாட்டில் நிரப்பறப்ப ஆத்துக்கு மூஞ்சியக் காட்டணும், எழுதறப்ப முதுகக் காட்டணும். தண்ணி போற திசையப் பாத்துதான் இடது, வலது. இது தெரியாமயா எம்.எஸ்சி. குடுத்தாங்க?" என்றார். திருத்தியது நான்தான் என்று அவருக்கு முதல் நாளே தெரியும். யாரிடமும் சொல்லவில்லை. ஏன் என்று கேட்டதற்கு, "உங்க வாயால வரட்டும்னு இருந்தேன்" என்றார்.

குழாய் இருப்பது இடது கரையில். அவர் எழுதியதே சரி.

இதைத் தட்டச்சுப் பிழை என்று பதிந்துகொள்ளலாமா என்று இந்த வாக்குமூலத்தை எழுதும் அதிகாரி கேட்டார். வேண்டாம் என்றேன். என் விரல் தவறவில்லை. அவர் தவறியிருப்பார் என்று நினைத்தே திருத்தினேன்.

வாசித்துக் காட்டக் கேட்டேன். நான் சொன்னபடியே உள்ளது, ஒரு சொல்லும் மாற்ற வேண்டியதில்லை.

(ஒப்பம்)