அனி என்ற பெயரும் என் மகளும்

படு. படு. எல்லாரும் படு.

யாரோ ஒரு ஆள் கத்துகிறார். நான் மணலில் விழுகிறேன். கையில் தண்ணீர்க் கான். அது கவிழ்கிறது. தூரத்தில் ஒரு குத்துச் சத்தம். டும். அது ஏவுகிற சத்தம். அதற்குப் பிறகு எண்ண வேண்டும். அங்கே எல்லோரும் எண்ணப் பழகியிருந்தோம். ஒன்று. இரண்டு. மூன்று. ஏழில் கூவல் தொடங்கும். கூவல் தலைக்கு மேலால் நீண்டு போனால் அது வேறு யாருக்கோ. நடுவில் நின்றால் அது எங்களுக்கு.

நின்றது.

2009. பங்குனி மாதம். போரின் கடைசி மாதங்கள். மாத்தளன் கடற்கரை. காலை ஏழு இருபது. இவருடைய, என் கணவருடைய, கைக்கடிகாரம் என் கையில் இருந்தது. அதனால் நேரம் தெரியும். தேதி அந்த நாட்களில் யாருக்கும் சரியாகத் தெரியாது. நான் மகளின் நாட்களை எண்ணிக்கொண்டிருந்தேன். அவள் பிறந்து அன்று பத்தொன்பதாம் நாள்.

செல் குண்டு நாங்கள் பதுங்கும் பங்கர்க் குழிக்கு மேல் விழவில்லை. பக்கத்தில் நின்ற பனைக்கு அடியில் விழுந்தது. ஆனால் அது கடற்கரை மண். தண்ணீர் மாதிரி ஓடுகிற மண். சேலைகளைத் தைத்துப் பை ஆக்கி, மண் நிரப்பி, சுவராக அடுக்கியிருந்தோம். என் கலியாணக் கூறைச்சேலையும் அந்தச் சுவரில்தான் இருந்தது. சுவர் உள்ளே சரிந்தது. உள்ளே அம்மா. அம்மாவின் மடியில் மகள்.

இவர் எனக்கு முதலே அங்கே ஓடிப் போய்ச் சேர்ந்துவிட்டார். கையால் தோண்டினோம். நான் ஒரு சாப்பாட்டுக் கோப்பையால் தோண்டினேன். என் காது அடைத்துப் போயிருந்தது. ஒரு சத்தமும் இல்லை. மண் மட்டும். அம்மா என்று கத்தினேன். திரும்பத் திரும்பக் கத்தினேன். மகளைக் கூப்பிட என்னிடம் ஒரு சொல் இல்லை. பிள்ளை, பிள்ளை என்றேன். அந்தக் கடற்கரை முழுக்கப் பிள்ளைகள். எந்தப் பிள்ளைக்கு அது கேட்கும்.

அவளுக்கு நான் பெயர் வைக்கவில்லை.

அதற்கு நான்தான் காரணம். இதை எழுதத்தான் இத்தனை வருடம் கூச்சப்பட்டேன். எங்கள் வழக்கத்தில் முப்பத்தொன்றாம் நாள் துடக்கு, பிள்ளை பிறந்த தீட்டு, கழிப்பார்கள். அன்றுதான் பெயர் வைப்பார்கள். அதற்கு முதல் நட்சத்திரம் பார்க்க வேண்டும். நட்சத்திரத்துக்கு உரிய எழுத்தில் பெயர் தொடங்க வேண்டும். அங்கே ஐயர் இல்லை. பஞ்சாங்கம் இல்லை. கஞ்சிக்கு அரிசி இல்லை. ஆனாலும் நான் முப்பத்தொன்றைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ஒரு பள்ளிக்கூடக் கட்டடத்தில் வைத்துத்தான் அவள் பிறந்தாள். அதுதான் அப்போது ஆஸ்பத்திரி. அங்கே நின்ற தாதி பிறப்புத் துண்டு எழுத வந்தார். பிள்ளையின் பெயர் என்ன என்று கேட்டார். இவர் வாயைத் திறந்தார். நான் தடுத்தேன். முப்பத்தொண்டு முடியட்டும் என்றேன். தாதி என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். துண்டில் ரேணுகாவின் பெண் குழந்தை என்று எழுதினார். ரேணுகா நான்.

அப்படிச் செய்தது முட்டாள்தனம் என்று இப்போது தெரிகிறது. அப்போது அந்த முப்பத்தொன்று எனக்கு ஒரு கயிறு. அதைப் பிடித்தால் அந்த நாள் வரைக்கும் போய்ச் சேரலாம் என்று நினைத்தேன்.

அம்மாவை முதலில் எடுத்தோம். பிறகு அவளை. உடம்பில் ஒரு காயமும் இல்லை. கண் இமையில் மண்.

இப்போது நான் லண்டனில், இல்ஃபோர்டில் இருக்கிறேன். ஒரு ஆரம்பப் பள்ளிக்கூடத்தின் சமையலறையில் வேலை. காலை ஏழரைக்குத் தொடங்கி மத்தியானம் இரண்டரை வரை. புதன்கிழமைகளில் குப்பை லொறி வரும். பின் கதவு அடிக்கிற சத்தம். டும். நான் கரட் வெட்டிக்கொண்டிருப்பேன். ஒன்று. இரண்டு. மூன்று. ஏழில் கை நிற்கும். ஒன்றும் கூவாது. திரும்ப வெட்டுவேன். இதை நான் ஒருவரிடமும் சொன்னதில்லை. சொல்லாமலே கண்டுபிடித்தவள் மரால்.

மரால் ஆர்மேனியப் பெண். சிரியாவில் அலெப்போவில் பிறந்து வளர்ந்தவள். அங்கே சண்டை வந்து, வீடு போய், இரண்டு நாடு மாறி லண்டனுக்கு வந்தவள். என்னோடு அதே சமையலறையில் பாத்திரம் கழுவுகிறாள். முதல் ஒரு வருடம் நாங்கள் காலை வணக்கம் மட்டும்தான் சொல்லிக்கொண்டோம். நான் கதைக்காத ஆள். என் ஆங்கிலமும் குறைவு. அவளுடையதும் குறைவு. ஒரு புதன்கிழமை லொறிக் கதவு அடித்தது. நான் கத்தியோடு நின்றேன். அவள் தண்ணீரை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள். நீயும் எண்ணுகிறாயா என்று கேட்டாள். தானும் எண்ணுவதாகச் சொன்னாள். அவர்களுக்கு அங்கே ஐந்து வரைக்கும்தானாம்.

அதற்குப் பிறகு கதைத்தோம்.

அவளுடைய மகள் அதே பள்ளிக்கூடத்தில் படிக்கிறாள். எட்டு வயது. மத்தியானச் சாப்பாட்டு வரிசையில் வருவாள். பட்டாணி வேண்டாம் என்று கையால் தட்டை மூடுவாள். பெயர் அனி. முற்றத்தில் மற்றப் பிள்ளைகள் அவளைக் கூப்பிடுவது யன்னலால் கேட்கும். அனி. அனி. ஒரு பெண் பிள்ளையை இன்னொரு பிள்ளை கூப்பிடுகிற சத்தம் எனக்குப் பொல்லாதது. லொறிச் சத்தத்தைவிடப் பொல்லாதது. அதற்கு எண்ணிக்கை கிடையாது.

எங்கள் ஆட்கள் ஒரு பெயரைக் கேட்டால் உடனே அர்த்தம் கேட்பார்கள். நானும் கேட்டேன். அனி என்றால் என்ன. பூவா. நட்சத்திரமா.

அது ஒரு ஊர் என்றாள் மரால்.

கையுறையைக் கழற்றிப் போனைத் திறந்து காட்டினாள். சிவந்த கல். பெரிய மதில். மதிலுக்கு உள்ளே புல்வெளி. ஒரு கிறிஸ்தவக் கோயில் பாதி நிற்கிறது. மற்றப் பாதி இல்லை. கத்தியால் வெட்டி எடுத்தது போல. எவ்வளவோ நூறு வருடத்துக்கு முதல் அது அவர்களுடைய அரசர்களின் தலைநகரமாம். ஆயிரத்தொரு கோயில்கள் உள்ள ஊர் என்று சொல்வார்களாம். படைகள் வந்தன. பூமி நடுங்கியது. வியாபாரிகள் வேறு பாதையால் போகத் தொடங்கினார்கள். சனம் கொஞ்சம் கொஞ்சமாக வெளிக்கிட்டது. இப்போது அங்கே யார் இருக்கிறார்கள் என்று கேட்டேன். ஒருவரும் இல்லை என்றாள். படத்தில் இரண்டு மாடுகள் நின்றன. அவற்றைக் காட்டினாள்.

அந்த ஊர் இன்றைக்குத் துருக்கிக்குள். நடுவில் ஒரு ஆறு. ஆற்றுக்கு இந்தப் பக்கம் ஆர்மேனியா. பாலம் உடைந்து போய் அடித்தூண் மட்டும் நிற்கிறது. எல்லை பூட்டு. மரால் கலியாணம் முடித்த புதிதில் ஒருமுறை போய் இந்தக் கரையில் நின்று பார்த்தாளாம். கத்தினால் கேட்கிற தூரம் என்றாள்.

ஊருக்கு அந்தப் பெயர் எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். அது அவளுக்கும் நிச்சயமில்லை. அதற்கு முந்திய ஒரு பழைய கோட்டையின் பெயர் என்று சிலர் சொல்வார்களாம். அவர்களுடைய பழைய பெண் தெய்வம் ஒன்றின் பெயரிலிருந்து வந்தது என்று அவளுடைய அப்பா சொல்வாராம். கோயில் பாதிரியாருக்கு அந்தத் தெய்வக் கதை பிடிக்காதாம். தோண்டத் தோண்ட ஒரு ஊர்தான் வரும், வேறு அர்த்தம் வராது என்றாள். அவளுடைய மச்சாள் ஒருத்திக்கு ஒரு ஏரியின் பெயர். இன்னொருத்திக்கு ஆற்றின் பெயர். அந்த மச்சாள் சரியான வாயாடி, பெயர் பொருத்தம்தான் என்று சிரித்தாள்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. இடிந்து போன, ஆள் இல்லாத ஒரு இடத்தின் பெயரைப் பச்சைக் குழந்தைக்கு வைக்கலாமா. கூடாது அல்லவா. பயமாக இல்லையா என்று கேட்டேன். நல்ல எழுத்து, நல்ல நாள், நல்ல நேரம் என்று பார்க்கிற ஆள் நான்.

மரால் ஈரக் கையால் என் தோளில் ஒன்று போட்டாள். அவள் ஆங்கிலத்தில் சொன்னதை என் தமிழில் எழுதுகிறேன்.

"காலமை எழும்பினால் சப்பாத்தைப் போடு அனி. பல்லைத் தீட்டு அனி. எங்கை உன்ரை பை, அனி. நாளுக்கு ஐம்பது தரம் கத்துறன். அந்த ஊரை வேறை ஆர் ஐம்பது தரம் கூப்பிடுவினம்?"

அன்று பஸ்ஸில் வரும்போது அவள் சொன்னதே காதில் நின்றது. நான் பெயரை நாளோடும் எழுத்தோடும் மட்டும்தான் சேர்த்து யோசித்திருக்கிறேன். கூப்பிடுவதற்கு என்று யோசித்ததில்லை. என் மகளைப் பத்தொன்பது நாளும் ஒருவரும் கூப்பிடவில்லை. அன்றும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

அந்தக் கிழமைதான் ஈஸ்ட் ஹாமிலிருந்து தர்ஷினி என்ற பிள்ளை போன் எடுத்தது. எங்கள் ஆட்கள் சிலர் சேர்ந்து, போரில் இறந்தவர்களின் பெயர்களை எழுதிச் சேர்க்கிறார்கள். ஒவ்வொரு வருடமும் ஒரு மண்டபத்தில் அந்தந்தக் குடும்பமே எழும்பி வாசிக்கும். நான் இதுவரை எழும்பியதில்லை. இவரும் இல்லை. பின் வரிசையில் இருப்போம். எங்களுடையதை வேறு யாரோ வாசிப்பார்கள். கடைசியில் பெண் குழந்தை என்று வரும். அப்போது இவர் சப்பாத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார். இந்த முறை எல்லாம் புத்தகமாக வருகிறதாம். அச்சுக்குப் போக ஐந்து நாள்தான் இருக்கிறதாம்.

"அன்ரி, பெயர் இல்லாட்டிப் பரவாயில்லை. பெண் குழந்தை எண்டே போடுறம். இன்னும் கனபேர் அப்பிடி இருக்கினம்."

நான் பொறுக்கச் சொன்னேன்.

மூன்று நாள் யோசித்தேன். மராலின் ஆட்களைப் போல இடத்தின் பெயரை வைக்கலாமா. நாங்கள் ஓடிய இடங்களை ஒவ்வொன்றாகச் சொல்லிப் பார்த்தேன். விசுவமடு. தங்கச்சியை இழந்த இரணைப்பாலை. மாத்தளன். ஒன்றையும் ஒரு பிள்ளையின் மேல் வைக்க மனம் வரவில்லை. எங்களுடைய அந்த இடங்களில் இன்னும் புல் முளைக்கவில்லை. புதுப் பெயர் ஒன்று தேடலாமா. பதினாறு வருடத்துக்குப் பிறகு நான் ஒரு பெயரைக் கொண்டுபோய்க் கொடுத்தால் அது என் ஆறுதலுக்கு. அவளுடையது ஆகாது. அப்போதுதான் ஆஸ்பத்திரியில் இவர் வாயைத் திறந்தது நினைவுக்கு வந்தது. அவரிடம் நான் ஒருநாளும் கேட்டதில்லை. நாங்கள் இருவரும் அந்தப் பங்கரைப் பற்றிக் கதைப்பதில்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். இவர் குசினியில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். நான் சின்க் பக்கம் திரும்பி நின்று கேட்டேன்.

"இஞ்சேருங்கோ. பிள்ளைக்கு என்ன பெயர் வைக்க நினைச்சனீங்கள்?"

கத்திச் சத்தம் நின்றது.

"நினைக்கேல்லை. வைச்சனான்."

நான் திரும்பினேன். அவர் வெங்காயத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மைதிலி. மூண்டாம் நாளே வைச்சிட்டன். தண்ணிக்கு நீர் லைனிலை நிக்கிற நேரம் கூப்பிடுறனான்."

அம்மாவுக்குத் தெரியுமா என்று கேட்டேன். தெரியும் என்றார். முதலில் ஏசினாவாம். முப்பத்தொண்டுக்கு முதல் என்ன அவசரம் என்று. பிறகு அம்மாவும் மைதிலி என்றுதான் கூப்பிட்டாவாம். நான் வருகிற சத்தம் கேட்டால் இருவரும் வாயை மூடிவிடுவார்களாம்.

யார் அந்த மைதிலி என்று கேட்டேன். வேறு என்ன கேட்பது என்று தெரியவில்லை.

"எங்கடை பள்ளிக்கூடத்துக் கணக்கு ரீச்சர். எனக்கு அடிக்காத ஒரே ஆள்."

எனக்குச் சிரிப்பு வந்தது. உண்மையாகவே வந்தது. பிறகு தரையில் இருந்துவிட்டேன். அவரும் வந்து பக்கத்தில் இருந்தார். கை முழுக்க வெங்காயத் தோல்.

ஏன் இவ்வளவு காலம் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"முப்பத்தொண்டுக்கு முதல் கூப்பிட்டபடியாத்தான் பிள்ளை போனது எண்டு நீர் நினைப்பீர். அந்தப் பயம். சில நேரம் நானும் அப்பிடி நினைக்கிறனான்."

பதினாறு வருடத்துக்கு முதல் சொல்லியிருந்தால் நான் நினைத்திருப்பேன். அவர் முகத்தில் சொல்லியும் இருப்பேன். அது எனக்குத் தெரியும். அவருக்கும் தெரியும். அதைச் சுமந்துகொண்டு அவர் இந்தத் தெருவில் பஸ் ஏறி, வேலைக்குப் போய், வந்து, என் பக்கத்தில் படுத்திருக்கிறார்.

இல்லை என்றேன். மண்ணாலை போனது. செல்லாலை போனது. நீங்கள் கூப்பிட்டதாலை இல்லை. இரண்டு தரம் சொன்னேன். அவர் தலையை மட்டும் ஆட்டினார்.

ஒன்றை இப்போது யோசிக்கிறேன். அந்தக் காலை ஏழு இருபதுக்கு அம்மா பங்கருக்குள் அவளை மடியில் வைத்திருந்தா. நான் அங்கே இல்லை. அம்மா சும்மா இருக்க மாட்டா. கதைத்துக்கொண்டுதான் இருந்திருப்பா. அந்தப் பங்கருக்குள் அவளுக்குப் பெயர் இருந்தது. எனக்கு மட்டும்தான் தெரியாது.

திங்கட்கிழமை தர்ஷினிக்குப் போன் எடுத்து எழுத்துக் கூட்டிச் சொன்னேன். பிறகு ஒருநாள் மண்டபத்தில் எங்கள் முறை வந்தபோது எழும்பினேன். கடதாசி தேவைப்படவில்லை. மைக்கில் சொன்னவை பெயர்கள் மட்டும். போனவை எல்லாவற்றையும் இங்கே எழுதுகிறேன்.

விசுவமடுவில் ஒரு கல்வீடு. ஒரு கிணறு. ஒரு பசு, ஒரு கன்று. ஒரு தையல் மெசின். இரண்டு சைக்கிள். எங்கள் கலியாணப் படங்கள் முழுவதும். மண்ணுக்குள் ஏழு சேலை, அதில் ஒன்று கூறை. என் இடக் காதின் கேட்கிற சக்தி.

தங்கச்சி கலா. இருபத்து நான்கு வயது. தை மாதம், இரணைப்பாலை.

அம்மா, பாக்கியம். ஐம்பத்தேழு வயது. பங்குனி மாதம், மாத்தளன்.

மகள் மைதிலி. பத்தொன்பது நாள். அதே காலை. அதே இடம்.