ஊற்றைக் காட்டியவரின் மனைவி சொன்னது

அரிசோனா பிரதேசம், கருங்கல் ஓடை மாவட்ட நீதிமன்றம். 1886ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் எழுதப்பட்டது.

சாட்சியின் பெயர்: நாக்தெஸே. வயது: சரியாகத் தெரியாது, சுமார் முப்பத்தைந்து. இனம்: அப்பாச்சி. கணவர் பெயர்: தோக்லான், ராணுவத்தார் வைத்த பெயர் சார்ஜென்ட் பென், இந்த வழக்கில் குற்றம் சாட்டப்பட்ட எதிரி. இருப்பிடம்: முன்பு இரட்டைப் பாறை மலை. தற்சமயம் மேற்படி நீதிமன்றத்தின் பின்புறமுள்ள குதிரை லாயத்தில் காவலில்.

சாட்சி ஸ்பானிய மொழியில் சொல்ல, அதன்படி எழுதப்பட்ட வாக்குமூலம்:

நான் மேற்சொன்ன லாயத்தில் காவலில் இருந்து வருகிறேன். சிறு வயதில் மெக்சிகோக்காரர்கள் என்னைப் பிடித்துக்கொண்டுபோய் ஒரு பண்ணை வீட்டில் மாவரைக்க வைத்திருந்தபடியால் எனக்கு ஸ்பானிய மொழி தெரியும். இந்த வழக்கில் இறந்துபோனவர் என் உடன்பிறந்த அண்ணன். இறந்தவர் பெயரைச் சொல்லி அழைப்பது எங்களில் வழக்கம் இல்லை. ராணுவத்தார் அவர் பெயரைப் பல விதமாக எழுதி வைத்திருக்கிறார்கள், அதில் ஒன்றைத் தாங்கள் எழுதிக்கொள்ளலாம். நான் அண்ணன் என்றே சொல்கிறேன்.

என் கணவரும் என் அண்ணனும் சேர்ந்து வேட்டையாடியவர்கள். என்னைக் கட்டிக்கொண்டபோது என் அண்ணன் அவரை இரட்டைப் பாறை மலைக்கு மேலே கூட்டிக்கொண்டுபோய், பாறைப் பிளவுக்குள் ஊறும் ஒரு தண்ணீரைக் காட்டினார். கோடையிலும் வற்றாத ஊற்று அது. எங்கள் ஆட்களைத் தவிர வேறு யாருக்கும் அது தெரியாது. எங்களில் பெண் எடுத்த மாப்பிள்ளைக்கு அதைக் காட்டுவது என்றால் அவரை எங்களில் ஒருவராக எடுத்துக்கொண்டோம் என்று அர்த்தம்.

அதன் பிறகு அரசாங்கத்தார் எங்களை மலையடிவாரத்திலிருந்து கிளப்பி, ஆற்றோரத்துச் சமவெளியில் குடிவைத்தார்கள். மலையடிவாரத்தில் வெள்ளைக்காரர்கள் மாட்டுப் பண்ணை போட்டார்கள். சமவெளியில் தண்ணீர் உப்பாக இருந்தது. முதல் கோடையில் வந்த காய்ச்சலில் எங்கள் பக்கத்தில் நிறையக் குழந்தைகள் செத்தன. என் மகளும் செத்தாள். என் அண்ணன், மலைக்குத் திரும்பிப் போகிறேன், வருகிறவர்கள் வரலாம் என்றார். என் கணவர் வரவில்லை. "துப்பாக்கிக்கு இந்தப் பக்கம் நின்னா சாகத்தான் முடியும். அந்தப் பக்கம் நின்னா, சுடுறதுக்கு முன்னாடி ஒரு வார்த்தையாவது பேசிப் பார்க்கலாம்," என்று என்னிடம் சொல்லி, ராணுவத்தில் தடம் பார்க்கும் வேலையில் சேர்ந்தார். நான் அண்ணனோடு மலைக்குப் போனேன்.

அதன் பிறகு நடந்த சண்டைகளை நான் மறைக்கவில்லை. என் அண்ணனின் ஆட்கள் பண்ணைகளில் குதிரைகளையும் மாடுகளையும் ஓட்டிக்கொண்டு வந்தார்கள். எதிர்த்தவர்களைக் கொன்றார்கள். ஒரு பண்ணையில் ஒரு பெண்ணும் கொல்லப்பட்டாள், அவள் கையில் துப்பாக்கி இல்லை. அதைச் செய்தவனை அண்ணன் எல்லோர் முன்னிலையிலும் ஏசினார், ஆனால் விரட்டிவிடவில்லை. ஆட்கள் குறைவாக இருந்தபடியால் விரட்டவில்லை என்று நினைக்கிறேன். இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், தனக்குச் சாதகமானதை மட்டும் சொல்கிறாள் என்று பிறகு யாரும் சொல்லக்கூடாது.

இரண்டு குளிர்காலம் ராணுவத்தாரால் எங்களைக் கண்டுபிடிக்க முடியவில்லை. அதன் பிறகு இந்த வருடக் கோடையில் ஒரு விடியற்காலையில், பாறைப் பிளவுக்குள் இருக்கும் அந்த ஊற்றில் பெண்கள் தண்ணீர் எடுத்துக்கொண்டிருந்தபோது மேலேயிருந்து சுட்டார்கள். என் அண்ணியும் அவளோடு போன பெண்களும் அங்கேயே விழுந்தார்கள். நான் எதிர்ச் சரிவில் கற்றாழைக் குருத்து வெட்டிக்கொண்டிருந்ததால் பிழைத்தேன். அங்கிருந்து பார்த்தபோது சிப்பாய்களுக்கு நடுவில் சிவப்புத் தலைக்கட்டோடு ஒருவர் நின்றார். ராணுவத்தார் தங்கள் ஆள் என்று அடையாளம் தெரிவதற்காக எங்கள் ஆட்களுக்குக் கட்டிவிடும் துணி அது. அவர் என் கணவர். அவர் கையில் துப்பாக்கி இருந்தது, ஆனால் அவர் சுட்டதை நான் பார்க்கவில்லை. சுடும் சத்தம் நின்ற பிறகும் அவர் அசையாமல் நின்றார். ஒரு சிப்பாய் அவர் முதுகில் தட்டிக்கொடுத்தான்.

அதன் பிறகு மலையில் தண்ணீர் இருந்த எல்லா இடங்களிலும் சிப்பாய்கள் உட்கார்ந்துகொண்டார்கள். சில நாள் கழித்து என் கணவர் ஒரு குச்சியில் வெள்ளைத் துணி கட்டிக்கொண்டு தனியாக எங்களிடம் வந்தார். அவரைச் சுட எங்கள் ஆட்கள் துப்பாக்கியைத் தூக்கினார்கள். அண்ணன் தடுத்தார். ஆனால் உட்காரச் சொல்லவில்லை.

"மாப்ளே, சட்டை நல்லா இருக்கே. அளவெடுத்துத் தெச்சாங்களா, இல்ல செத்தவன் மேலேர்ந்து கழட்டிக் குடுத்தாங்களா?" என்று அண்ணன் கேட்டார்.

"திட்டணும்னா திட்டு மச்சான். ஆனா கேட்டுட்டுத் திட்டு," என்றார் என் கணவர். பிறகு, கேப்டன் வெதர்பீ என்பவர் தன் தாயின் பேரில் சத்தியம் செய்திருப்பதாகவும், ஆயுதத்தைக் கீழே வைத்தால் குடும்பங்களைப் பிரிக்காமல் மலையடிவாரத்திலேயே குடியிருக்க விடுவார்கள் என்றும், யாரையும் ரயிலில் ஏற்றி வெளியூர் அனுப்ப மாட்டார்கள் என்றும் சொன்னார்.

"நீ அத நம்புறியா?"

"நம்புறேன் மச்சான்."

"நம்பித்தான ஆகணும். நம்பலேன்னா ஒரு நாள் கூட உன்னால அந்தச் சட்டையப் போட முடியாதே," என்றார் அண்ணன்.

என் கணவர் என் பக்கம் பார்த்தார். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அண்ணி செத்த துக்கத்துக்காக வெட்டிய என் தலைமுடி அப்போது காது மட்டத்தில் இருந்தது.

அண்ணன் கேப்டனின் வார்த்தையை நம்பவில்லை. நம்பாமல்தான் இறங்கி வந்தார். குழந்தைகளுக்கு நாக்கு வீங்கிப் பேச்சு வரவில்லை. குதிரை ரத்தத்தைக் குடிக்கக் கொடுத்தோம், பிறகு குதிரையும் இல்லை. அண்ணன் என்னைக் கூப்பிட்டு, "பொய்யாவே இருக்கட்டும் தங்கச்சி. பொய் சொன்னவன் புள்ளைங்களுக்குத் தண்ணி குடுப்பான்ல," என்று மட்டும் சொன்னார்.

நாங்கள் கீழே வந்தபோது கேப்டன் வெதர்பீ என் அண்ணனோடு கை குலுக்கினார். குழந்தைகளுக்குத் தண்ணீர் கொடுத்தார்கள் என்பது உண்மை. மாவும் மாட்டிறைச்சியும் கொடுத்தார்கள். அதன் பிறகு மலையடிவாரத்துக்குப் போகும் பாதையில் திரும்பாமல் நேராக ரயிலடிக்கு எங்களை நடத்திக்கொண்டு போனார்கள். வழியில் யாரும் எதுவும் கேட்கவில்லை. பாதை திரும்பாததை எல்லோரும் பார்த்தார்கள்.

ரயிலடியில் முதலில் என் அண்ணனுக்கும் மற்ற ஆண்களுக்கும் கையில் இரும்பு மாட்டினார்கள். பெண்களையும் குழந்தைகளையும் பெட்டிகளில் ஏற்றி ஜன்னல்களை ஆணியடித்து மூடினார்கள். எனக்கு ஸ்பானிய மொழி தெரியும் என்பதால், அவர்கள் அந்த மொழியில் சொல்வதை ஆண்களுக்கு எடுத்துச் சொல்ல என்னை மட்டும் வெளியே நிறுத்தி வைத்தார்கள். அதனால்தான் நடந்ததை எங்கள் பெண்களில் நான் ஒருத்தி மட்டும் பார்த்தேன்.

அதன் பிறகு, தடம் பார்க்கும் வேலையில் இருந்த எங்கள் ஆட்களுக்குப் புதுத் துப்பாக்கி வந்திருப்பதாகவும், பழையதைக் கொண்டுவந்து குவிக்க வேண்டும் என்றும் சொன்னார்கள். சார்ஜென்ட் என்பதால் என் கணவர்தான் முதலில் வைத்தார். துப்பாக்கி, குண்டுப் பட்டை, இடுப்புக் கத்தி எல்லாவற்றையும் வைத்தார். சிப்பாய்கள் அவற்றை வண்டியில் ஏற்றி, வண்டியை ஓட்டிக்கொண்டு போய்விட்டார்கள். வண்டி போன பிறகு கேப்டன், நீங்களும் ரயிலில் ஏறுங்கள் என்றார். அதை நான்தான் எங்கள் மொழியில் சொன்னேன். என் கணவருக்குப் புரியவில்லை. மறுபடி சொல்லச் சொன்னார். மறுபடி சொன்னேன்.

அவர் கேப்டனிடம் போய்த் தன் சட்டைக் கையில் தைத்திருந்த சார்ஜென்ட் பட்டையைத் தொட்டுக் காட்டினார். கேப்டன் குதிரையின் சேணத்தைச் சரிசெய்துகொண்டிருந்தார், திரும்பவில்லை. என் கணவர் அங்கேயே நின்று பட்டையைக் காட்டிக்கொண்டே இருந்தார். பார்ப்பதற்கு எனக்கே கூச்சமாக இருந்தது.

இதைப் பார்த்து, இரும்பு மாட்டியிருந்த என் அண்ணன் சத்தம் போட்டுச் சிரித்தார். "வா மாப்ளே, வா! உனக்கும் எடம் புடிச்சு வெச்சிருக்கேன். ஜன்னல் பக்கம் உனக்கா எனக்கா?" என்றார். வரிசையில் நின்ற ஆண்களும் சிரித்தார்கள்.

என் கணவர் ராணுவச் சட்டையைக் கழற்றிக் கீழே போட்டுவிட்டு, தண்டவாளத்துக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து தலையைக் கைகளால் மூடிக்கொண்டார். சிரிப்பு நின்றுவிட்டது. என் அண்ணன் வரிசையை விட்டு அவரைப் பார்த்து நடந்தார். எட்டி உதைக்கப் போனாரா, எழுப்பிவிடப் போனாரா என்று எனக்குத் தெரியாது. கார்போரல் டில்மன் என்பவர் இங்கிலீஷில் ஏதோ கத்தினார். அண்ணனுக்கு அந்த மொழி தெரியாது. எனக்கும் தெரியாது. கார்போரல் பின்னாலிருந்து சுட்டார். அண்ணன் என் கணவர் மேலேயே விழுந்தார். என் கணவர் சட்டை இல்லாத உடம்போடு அவரைத் தாங்கிப் பிடித்தார். என் கணவர் உடம்பில் இருந்த ரத்தம் அப்படி வந்தது. அண்ணன் அப்படியே உயிரை விட்டார்.

அதன் பிறகு கேப்டன் வெதர்பீயும் கார்போரலும் தனியாகப் பேசிக்கொண்டார்கள். திரும்பி வந்து, பழைய குடும்பப் பகையில் தடம் பார்ப்பவன் தன் மச்சினனைச் சுட்டுவிட்டான் என்று பெட்டிகளில் இருப்பவர்களிடம் சொல்லும்படி எனக்கு உத்தரவு போட்டார்கள். நான் சொல்ல மறுத்தேன். வேறு ஆளை வைத்துச் சொன்னார்கள். எங்கள் பெண்கள் அதை நம்பினார்கள். ஊற்றைக் காட்டிக்கொடுத்தவன் இதையும் செய்வான் என்பது அவர்கள் எண்ணம். ஆணியடித்த பலகை இடுக்கு வழியாக என் மேல் துப்பினார்கள். வரிசையில் நின்று பார்த்த ஆண்களையும் ஏற்றி ரயிலை அனுப்பிவிட்டு, என்னை மட்டும் சாட்சி சொல்ல நிறுத்திக்கொண்டார்கள். என் அண்ணனை மலைக்குக் கொண்டுபோய்ப் பாறை இடுக்கில் வைக்க விடவில்லை. உபயோகமில்லாத தண்டவாளக் கட்டைகள் போடும் இடத்தில் குழி தோண்டினார்கள். அவர் கழுத்தில் கிடந்த நீலக்கல் மாலையைக் கேப்டன் எடுத்துக்கொண்டார்.

இந்த நீதிமன்றத்தில் ஒரு கைத்துப்பாக்கியைக் காட்டி, இது உன் கணவருடையதா என்று கேட்டார்கள். தடம் பார்ப்பவர்களுக்கு ராணுவத்தார் கைத்துப்பாக்கி கொடுப்பதில்லை. இதை நான் முன்பு பார்த்ததில்லை. அண்ணனுக்குக் குண்டு முதுகில் பட்டது. என் கணவர் அவருக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். முன்னால் உட்கார்ந்திருப்பவர் முதுகில் எப்படிச் சுடுவார் என்று கேட்கிறேன். குழியைத் தோண்டிப் பார்த்தால் தெரியும்.

உன் கணவரே குற்றத்தை ஒப்புக்கொண்டிருக்கிறாரே, அதற்கு என்ன சொல்கிறாய் என்று கேட்கப்பட்டது. அது எனக்கும் தெரியும். நேற்று லாயத்தின் சுவருக்கு அந்தப் பக்கம் அவரைக் கொண்டுவந்து நிறுத்தி, என்னிடம் பேச விட்டார்கள். "நான்தான் கொன்னேன்னு நீயும் சொல்லிடு. தொங்கிட்டுப் போறேன்," என்றார். "சுட்டது அந்தக் கார்போரல். நீங்க இல்ல," என்றேன். "அந்த ஊத்தை நான் காட்டலேன்னா உங்கண்ணன் ரயிலடிக்கே வந்திருக்க மாட்டான். அப்போ கொன்னது யாரு?" என்றார். நான், "அப்படிச் சுலபமாச் செத்துட்டுப் போலாம்னு பாக்குறீங்களா?" என்று கேட்டேன். அவர் அழுதார். நான் அழவில்லை. ஊற்றில் சுட்ட நாள் முதல் அவரோடு நான் ஒரு பாத்திரத்தில் சாப்பிட்டதில்லை. இனியும் சாப்பிட மாட்டேன். அவர் விடுதலையானாலும் அவரோடு வாழ எனக்கு விருப்பம் இல்லை. ஆகையால் புருஷனைக் காப்பாற்றப் பொய் சொல்கிறாள் என்று சொல்வதற்கு இடம் இல்லை.

வேறு ஏதாவது சொல்ல வேண்டுமா என்று கேட்கப்பட்டது. என் கணவரைத் தண்டிக்க வேண்டுமானால் ஊற்றைக் காட்டியதற்காகத் தண்டியுங்கள். அதற்கு நானே சாட்சி சொல்கிறேன். அங்கே விழுந்த பெண்கள் ஒவ்வொருவரும் யார் மகள், யார் தாய் என்று சொல்கிறேன். ஆனால் அதற்காக இங்கே வழக்கு எதுவும் போட்டதாகத் தெரியவில்லை. அதற்காகத்தான் அவருக்குச் சார்ஜென்ட் பட்டை தைத்துக் கொடுத்தீர்கள்.

இதில் எழுதியிருப்பதை எனக்கு ஸ்பானிய மொழியில் வாசித்துக் காட்டினார்கள். நான் கண்டதையும் கேட்டதையும் தவிர இதில் வேறு எதுவும் இல்லை, என்னை யாரும் மிரட்டிச் சொல்ல வைக்கவும் இல்லை. எழுதத் தெரியாதபடியால் கீழே குறி இட்டிருக்கிறேன்.

X
நாக்தெஸே, அவளுடைய குறி