கட்டிலுக்கடியில் கம்பளம்

— உள்ளதைச் சொல்றேன் தம்பி, மருந்தெல்லாம் அப்புறம் அடிச்சுக்கலாம். எல்லாம் அந்தப் பூனையாலதான்னு என் மருமக காதுல விழற மாதிரி ஒரு வார்த்தை சொல்லிடுங்க.

— பூச்சியப் பாக்காம எப்படிம்மா சொல்றது? போன்ல சொன்ன கம்பளம் எங்க இருக்கு?

— என் கட்டிலுக்கடியில. பெரியவன் வெளிநாட்டுலேர்ந்து அனுப்புனது, அசல் கம்பளி. அவன் வந்து நிக்கறப்ப புதுசா இருக்கணும்னு ஆறு வருஷமா ஒருத்தர் கால் பட விட்டதில்ல.

— துடைப்பம்?

— அது மட்டும் படலாமா?

— வாங்கண்ணே. வாசல்ல ஒரு கூடை பாத்தீங்களா? சாயங்காலம் என் பூனைய அதுல வெச்சு யாருக்கோ குடுக்கப் போறாங்க அத்தை. கண்ணு திறக்காத குட்டியிலேர்ந்து நான் வளத்தது.

— மூக்கச் சிந்தி என்ன ஆகப்போகுது? கம்பளம் பூரா ஓட்டை, எனக்கு உடம்பு பூரா தடிப்பு. அந்தப் பூச்சிக்கு இந்த வீட்டுல எது தீனி போடுதோ, அது இன்னைக்கே வெளிய போகணும். தம்பி சொல்றதுதான் முடிவு.

— சரிங்க அத்தை. அவர் வாயாலயே வரட்டும்.

— கட்டில அந்தப் பக்கம் கொஞ்சம் பிடிம்மா. ஆங், போதும். அடேங்கப்பா, குடும்பம் குட்டியோட குடியிருக்கு.

— பாத்தியா? பூனை உண்ணி.

— உண்ணி இல்லம்மா, இது கம்பளப் புழு. கடிக்காது, ரத்தம் குடிக்காது. இது மேல இருக்கற சுணை பட்டாத்தான் தடிக்கும். யாரும் கூட்டாத இருட்டுல சொகுசா கிடக்கும். கம்பளியத் தின்னும், உதிர்ந்த முடியத் தின்னும்.

— முடின்னு சொல்லிட்டாரா? உள்ளதைத்தானே நானும் சொன்னேன்.

— பூனை என்ன நிறம்?

— கன்னங்கரேல்னு இருக்கும்ணே.

— இதுல ஒரு கறுப்பு முடி இல்லையே. இந்தாங்க, ஒரு கைப்பிடி இருக்கு. எல்லாம் முழ நீளம், எல்லாம் வெள்ளை. இந்தக் கட்டில்ல உக்காந்து தலை வாருறது யாரு?

— சீப்புல வர்ற ரெண்டு முடிய கீழ போட்டா என்னவாம்?

— கோவிச்சுக்காதீங்கம்மா. தொழில்னு வந்துட்டா எனக்குப் பொய் வராது.

— அத்தை, நான் கூடைய உள்ள எடுத்து வெச்சுடறேன். உங்க பெட்டி பரண் மேலதானே இருக்கு?