செவ்வாயை நகர்த்தியவன்

ஒரே வேலையை மூன்று இடத்தில் செய்வது எனக்குப் பிடிக்காது. சாவகச்சேரியில் கணினிக் கடை வைத்திருக்கும் நான், சோதிடர்களுக்கென்று மூன்று சிறிய மென்பொருள்கள் எழுதினேன். சாதகம் கணிக்க ஒன்று, பொருத்தம் பார்க்க ஒன்று, பஞ்சாங்கத்துக்கு ஒன்று. மூன்றுக்கும் கிரக நிலையைச் சொல்வது ஒரே பொதுக் கோப்பு, டிஎல்எல் என்போம். அதில் ஓரிடத்தில் திருத்தினால் மூன்றும் திருந்திவிடும். இடப்பெயர்வில் சாதகக் குறிப்பைத் தொலைத்த வீடுகள், எங்கள் வீடும் உட்பட, இங்கே அதிகம். அதனால் கொடிகாமத்திலிருந்து உடுவில் வரை என் மென்பொருள் இல்லாத சோதிடர் குறைவு.

பதினொரு வருடங்களுக்கு முன் தரகர் பரமலிங்கம் என் தங்கை தயாளினிக்கு ஒரு கனடா மாப்பிள்ளையைக் கொண்டுவந்தார். நல்ல பிள்ளை. படத்தைப் பார்த்துத் தங்கை சிரித்ததைக் கண்டேன். முதலில் நானே பொருத்தம் பார்த்தேன். குறை சொல்ல இடமில்லை. ஆனால் அம்மா பாரிசவாதத்தில் படுக்கையாகக் கிடந்தார். தங்கை போய்விட்டால் அவரை யார் தூக்கி இருத்துவது? நியாயமான கேள்விதானே.

பொதுக் கோப்பில் ஒரு வரி சேர்த்தேன். சாதகம் பெயரைக் கேட்பதில்லை, பிறந்த நேரத்தைத்தான் கேட்கும். ஆகவே, தங்கை பிறந்த நாளில், அவள் பிறந்த நேரத்தை ஒட்டிய இரண்டு மணி நேரத்துக்குள் பிறந்த எவருக்கும் செவ்வாய் எட்டாம் வீட்டில் விழும்படி செய்தேன். எட்டில் செவ்வாய் என்றால் கட்டினவனின் உயிருக்கு ஆகாது என்பார்கள். பிறகு மோட்டார் சைக்கிளில் போய், சின்னத் திருத்தம் என்று சொல்லி, சோதிடர்கள் எல்லாரிடமும் அந்தக் கோப்பை மாற்றிவிட்டு வந்தேன்.

மாப்பிள்ளை வீட்டார் கவனமானவர்கள். மூன்று ஊரில் கேட்டார்கள்.

"மூண்டு இடத்திலையும் ஒண்டைத்தான் சொல்லுகினம், தம்பி. பிறகென்னத்தைக் கதைக்கிறது?" என்றார் பரமலிங்கம்.

அந்த நேரத்தில் வேறு பிள்ளைகளும் பிறந்திருப்பார்கள் என்பதை நான் யோசிக்காமல் இல்லை. ஆஸ்பத்திரியில் எங்கள் அம்மாவுக்கு அடுத்த கட்டிலில் பிறந்தவள் நிரோஜினி. அவளுடைய தாய் ஒருநாள் கடைக்கு வந்தார்.

"தம்பி, இன்னொருக்கா அடிச்சுப் பாருங்கோ. உதிலை வேறை ஏதும் காட்டாதோ?"

அடித்துப் பார்த்தேன். அதே எட்டு. செவ்வாய்க்காரிக்குச் செவ்வாய்க்காரன்தான் சரி என்று, குடிகாரன் எனத் தெரிந்தும் ஒருவனுக்கு அவளைக் கட்டிவைத்தார்கள். இரண்டாம் வருடம் அவளுடைய செத்தவீட்டுக்குப் போனேன். கழுத்துக் காயத்தைச் சேலையால் மறைத்திருந்தார்கள். அவளைக் கட்டினவன் கொலைக்காக மறியலில் இருக்கிறான். நான் கடையில் இருக்கிறேன். ஒரு கிழமை எனக்குச் சோறு இறங்கவில்லை. தயாளினிதான் ரசம் வைத்துத் தந்தாள்.

அவளுக்கு இப்போது நாற்பத்தொரு வயது. கலியாண வீடுகளில் தானாகவே பின்வரிசைக்குப் போய்விடுகிறாள்.

"என்ரை பலன் அப்பிடி. என்னாலை உங்கடை வாழ்க்கையும் போச்சுது, அண்ணை," என்கிறாள். தங்கைக்காகக் கலியாணம் கட்டாமல் நிற்கிறான் என்று ஊரும் என்னை மெச்சுகிறது.

குற்றம் என்னுடையதுதான். ஆனால் அம்மாவுக்காகத்தான் செய்தேன். அம்மா போய் ஐந்து வருடமாகிறது.

போன கிழமை பரமலிங்கம், மனைவியை இழந்த ஒரு வாத்தியாரின் சாதகத்தோடு தயாளினிக்காக மறுபடியும் வந்தார். அவர் போனதும் கோப்பைத் திறந்து அந்த வரியைத் தேடிப் பிடித்தேன். அழிக்க ஒரு நிமிடம் போதும். அப்போது தயாளினி மத்தியானச் சாப்பாட்டோடு கடைக்குள் வந்தாள். சோறு சுடச்சுட இருந்தது. வரியில் கை வைக்காமல் கணினியை அணைத்துவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தேன்.