முதல் தலைமுறைக்குப் புகைப் பரிசோதனை

மட்டக்களப்பில் வாகனப் புகைப் பரிசோதனைக்கு மோட்டார் சைக்கிளோடு வரிசையில் நின்றேன். முன்னால் ஒரு பெண், பக்கத்துக் காரோடு நின்ற தன் மச்சானிடம் சொன்னாள்:

“காருக்கு வலு கூடக் கூட உடம்பும் கூடிட்டு மச்சான், உங்களைப் போலதான்.”

அவளுடையது இரண்டு சீட் ஸ்போர்ட்ஸ் கார் ஒன்றின் முதல் தலைமுறை, பழைய மாடல். ஆரையம்பதி வீட்டு முற்றத்தில் எஞ்சினைத் தானே கழற்றிப் பூட்டினாளாம். கொழும்பிலிருந்து வந்திருந்த மச்சானுடையது அதே காரின் பிந்திய, பாரம் கூடிய மூன்றாம் தலைமுறை.

“எனக்கு நூற்றறுபது குதிரைவலு, மச்சாள். உனக்கு நூற்றுப்பதினைஞ்சுதானே?”

“ஓம். பாரமும் குறைவுதானே. வளைவுக்கு வாங்க, பார்ப்பம்.”

“முதல்ல இதில பாஸாகட்டும். புகை தள்ளினா காரை உதிரிப்பாகத்துக்கு எனக்குத் தந்திரணும். மறுகா பேச்சு மாறக்கூடா.”

“மாறமாட்டன்.”

பரிசோதகர் புகைக்குழாயில் கருவியைச் செருகினார். அவள் ஏறி உட்கார்ந்து, உதட்டைக் கடித்தபடி ஆக்சிலரேட்டரை மிதித்தாள். அதன் சத்தத்தைக் கேட்பதற்காக நான் என் எஞ்சினை நிறுத்தினேன். அவளுடைய எஞ்சின் சத்தம் எங்கும் தடங்காமல் ஒரே சீராக ஏறியது.

“பாஸ், தங்கச்சி. புது எஞ்சினா?”

“இல்ல அண்ணன், பழசுதான். நான் செஞ்சது.”

மச்சான் கையை நீட்டினான். “சாவியைத் தா, கல்லடிப் பாலம் வரைக்கும் ஓட்டிப் பார்க்கிறன்.”

“பக்கத்துச் சீட்டில ஏறுங்க,” என்றாள் அவள். “பெல்ட்டைப் போடுங்க.”