வடக்கே பார்த்த கள்ளி

– கயித்தை இறுக்காத புள்ள. மடிப்பெல்லாம் நசுங்கிடும். முதல்ல போர்வையைச் சுத்து, அது மேல கட்டு.

– சுத்தியாச்சு மதினி. முள்ளு போர்வையைப் பிடிச்சுக்கிட்டு விட மாட்டேங்குது. ஒவ்வொண்ணும் தூண்டில் மாதிரி வளைஞ்சிருக்கு.

– பீப்பாய்க் கள்ளின்னா அப்படித்தான். நேரா இருந்தா அதுக்குப் பேரு தையல் ஊசி. தள்ளு, நான் கடப்பாரையைப் போடுறேன்.

– ரொம்ப ஆழமாத் தோண்டணுமா? பதினோரு மணிக்கெல்லாம் ஆஸ்பத்திரி வண்டி வந்துடும். அவர் இறங்குறதுக்குள்ள, வீட்டுக்குத் திரும்புற ரோட்டோரத்துல இது சரியா நிக்கணும்.

– ஆழமா? இதுக்கு வேர் ஒரு முழம்கூட கீழ இறங்காது. பாய் விரிச்ச மாதிரி பக்கத்துல பரவிக் கிடக்கும். நாலு துளி மழை விழுந்தாலும் மண்ணுக்கு முந்தி அது குடிச்சிடும். சுத்தி ஒரு வட்டம் போட்டு நெம்பினா வந்துடும். உங்கப்பா பருத்திக்காட்டு மண்ணா இது?

– ஆரம்பிச்சுட்டீங்களா.

– பின்னே? என் தம்பி போயும் போயும் ஆத்துக்கரைப் பொண்ணைக் கட்டிக்கிட்டு வந்தான். இந்தப் பாலைவனத்துல கள்ளிக்குப் போயி தண்ணி ஊத்தின ஒரே ஆளு நீதான், எர்லின்டா.

– தண்ணி இல்லை மதினி. காப்பி மிச்சம். விடிஞ்சதும் ரெண்டு வாய்.

– மூணு வருஷமா தெனம் ரெண்டு வாய். அதான் சொல்றேன், பாவம் அது தூக்கமில்லாம நிக்குது.

– ஸ்ஸ்... எறும்பு.

– கடிக்கத்தான் செய்யும். முள்ளுக்கு நடுவுல இனிப்பாக் கசியுது பாரு, அதை நக்கிட்டுத்தான் காவல் இருக்கு. சோறு போட்ட வீட்டை எவன் தோண்டினாலும் கடிப்பான். உதறிட்டு வா. அதுகிட்ட சொல்லிட்டியா முதல்ல?

– விடியும்போதே வந்து சொன்னேன். தப்பு உன்னோடது இல்லை, என்னோடதுன்னு.

– என்ன தப்பு?

– சொல்றேன். நீங்க சிரிக்கக் கூடாது.

– நான் எப்போ சிரிச்சிருக்கேன்?

– ரோடு அகலப்படுத்துறாங்கன்னு இதைப் பிடுங்கி எடுத்துட்டு வந்தோமே, அப்போ தெற்குப் பக்கமா சிவப்பு ரிப்பன் கட்டிக் குடுத்தீங்க. நட்டதும் ரிப்பன் தெற்கேயே இருக்கணும்னு சொன்னீங்க.

– சொன்னேன்.

– நான் வடக்கே வச்சு நட்டுட்டேன்.

– ம்.

– இந்தக் காடு பூரா எல்லாப் பீப்பாய்க் கள்ளியும் தெற்கே பார்த்துத்தான் சாயுது. இது ஒண்ணு மட்டும் வடக்கே சாஞ்சுக்கிட்டு நிக்குது.

– ம்.

– உங்களுக்குத் தெரியுமா?

– ஊருக்கே தெரியும் புள்ள. தபால்காரிக்குத் தெரியும். பாதிரியாருக்குத் தெரியும். அவர் டூசான் டவுனுக்கும் அந்தப் பக்கத்துலேருந்து வந்தவர், அவருக்கே தெரியும்.

– யாருமே என்கிட்ட சொல்லலையே.

– என் தம்பி நார்பெர்ட் விடலை. 'அவ கையெல்லாம் முள்ளுத் தச்சு நட்டிருக்கா, எவனாவது வாயைத் திறந்தான்னா பாரு'ன்னான். எனக்கு நாக்கு எவ்வளவு அரிச்சிருக்கும்னு நெனச்சுப் பாரு. மூணு வருஷம். சரி, ஏன் அப்படி நட்டே? ரிப்பன் எதுக்குன்னு மறந்துட்டியா?

– மறக்கலை. தெற்கே வச்சுப் பார்த்தேன். வீட்டுக்கு முதுகைக் காட்டிக்கிட்டு நின்னுச்சு. வந்த அன்னிக்கே முதுகு காட்டினா நல்லாவா இருக்கும்? வீட்டைப் பார்த்து இருக்கட்டும்னு திருப்பிட்டேன்.

– விருந்தாளியை உட்கார வைக்கிற மாதிரி.

– சிரிக்க மாட்டேன்னீங்க.

– இது இருமல். இந்தா, இங்க பாரு. மஞ்சளா, மரப்பட்டை மாதிரி தடிச்சிருக்கே, அது வெயில் சுட்ட தழும்பு. பழக்கமில்லாத பக்கத்துல வெயில் பட்டா வெந்துடும். அதுக்குத்தான் ரிப்பன். ஆனா மூணு வருஷமா இப்படியே நின்னுடுச்சு. பூத்துச்சு, காய்ச்சுச்சு. ஆறு நாளா உயிருக்குப் போராடிட்டு என் தம்பி வீட்டுக்கு வர்ற அன்னிக்கு, குழம்பு வைக்கிறதை விட்டுட்டு இதைத் தோண்டணுமா?

– அவரை நான்தான் பார்த்தேன் மதினி.

– தெரியும் கண்ணு.

– இந்த இடத்துல. நீங்க நிக்கிறீங்களே, அங்கேயே. மாட்டைத் தேடிப் போன முதல் நாளு வண்டி அச்சு முறிஞ்சிருக்கு. ரெண்டாம் நாளு அந்தப் புழுதிக் காத்து. பாபோகிவாரி மலையே தெரியலை.

– மலை தெரிஞ்சா கண்ணை மூடிக்கிட்டு வந்திருப்பான். தேடிப் போன மாடு அன்னிக்குச் சாயங்காலமே தானா வீட்டுக்கு வந்துடுச்சு, அந்த மூதேவி.

– மலை தெரியாதப்போ கள்ளி சாயிற பக்கமா நடன்னு அவரே எனக்குச் சொல்லியிருக்காரு. அப்படித்தான் வந்திருப்பாரு. ஒவ்வொரு கள்ளியா, தெற்கே, தெற்கே. கண்ணு ரெண்டும் வீங்கி மூடிக்கிச்சு, வீட்டைத் தாண்டினது தெரியலை. கையைப் பார்த்தீங்களா, முள்ளு கிழிச்சதை? தடவித் தடவி வந்திருக்காரு. கடைசியா என் கள்ளிகிட்ட வந்தா, இது வடக்கே கையைக் காட்டுது.

– புள்ள.

– இதைச் சுத்திச் சுத்தி கால்தடம். வீட்டுப் பக்கமா இருபது அடி போயிருக்கு, திரும்பி வந்திருக்கு. மறுபடி ஒரு சுத்து. அப்புறம் உட்கார்ந்துட்டாரு. எது நிஜம்னு தெரியாம உட்கார்ந்துட்டாரு. இங்கிருந்து வீட்டு வாசப்படி முந்நூறு அடி. நான் எண்ணிப் பார்த்தேன்.

– ராத்திரி பூரா நீ வீட்டுலதானே இருந்தே?

– மேற்கே தேடிட்டு இருட்டினப்புறம் வந்தேன். வாசல்லயே உட்கார்ந்திருந்தேன். அவர் இங்க, நான் அங்க. விடிஞ்சதும் காப்பி போட்டேன், ஒரு வாய்கூட இறங்கலை. முழுக் கோப்பையையும் இதுக்கு ஊத்திடலாம்னுதான் வந்தேன்.

– அழாத. உயிரோட வர்றான். கண்ணுப் பார்வையும் திரும்பிக்கிட்டு வருதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு. நன்றி சொல்ற நாளு இது.

– சொல்லிக்கிட்டேதான் இருக்கேன் மதினி. மலைக்குச் சொன்னேன், நர்சுக்குச் சொன்னேன், அந்த மாட்டுக்குக்கூட சொன்னேன். ஆனா நேத்துத்தான் அவருக்கு நாக்கு வீக்கம் வத்திப் பேச்சு வந்திருக்கு. இன்னும் நடந்தது எதுவும் சொல்லலை. வந்து இறங்கினதும் முதல்ல இதைத்தான் தடவிப் பார்ப்பாரு. பார்த்துட்டு ஒண்ணும் சொல்ல மாட்டாரு. அதை என்னால தாங்க முடியாது.

– சரி. அந்தப் பக்கம் கயித்தைப் பிடி. நான் நெம்புறேன், நீ சுத்து. மூணு எண்ணினதும். ஒண்ணு. ரெண்டு.

– வருது, வருது.

– மெதுவா. குண்டு மாமியாரைத் திருப்புற மாதிரி திருப்பு. இன்னும் கொஞ்சம். போதும். மண்ணைத் தள்ளு.

– இந்தப் பக்கத்துப் பழம் ஒண்ணையும் காணோமே. அந்தப் பக்கம் பாருங்க, மஞ்சள் மஞ்சளா அப்படியே இருக்கு.

– காட்டுப் பன்னி தின்னிருக்கும். மண்ணை மிதி.

– இப்போ சரியா இருக்கு இல்லையா?

– நல்லா இருக்கு. மத்ததெல்லாம் எப்படியோ அப்படி. இனி இதையும் அதையும் பக்கத்துல வச்சா என்னாலயே சொல்ல முடியாது. கண்ணைத் துடை, அங்க புழுதி கிளம்புது. வண்டி வருது.

– மதினி, வேகம் குறையலையே.

– கையை ஆட்டு.

– ஆட்டுறேன். பார்த்துட்டுப் போறான். ஏய், இங்கதான், இங்கதான்.

– போயிட்டான். நிக்காமலே போயிட்டான். அவன் என்ன, நம்ம நார்பெர்ட்டை மெக்சிகோவுல இறக்கப் போறானா?

– நிறுத்திட்டான். திரும்புறான். இங்கதான் வர்றான்.

– கட்டு கண்ணுல இருக்குறவன் நம்ம தம்பி. இவனுக்கு என்ன கேடு? தம்பி, மெதுவா இறங்கு. கையைக் குடு.

– அக்கா. ம். விடு, நிக்க முடியுது. எர்லின்டா எங்க?

– இங்க இருக்கேன். இதோ. என் தோளைப் பிடிச்சுக்கோங்க.

– மண்ணு வாசனை அடிக்குது உன் மேல. ரெண்டு பேரும் இங்க என்ன பண்றீங்க? ரோட்டுல ரெண்டு பொம்பளைங்க குழி தோண்டுறாங்கன்னான் டிரைவர். ரோட்டு வேலைக்காரங்கன்னு நெனச்சிட்டானாம்.

– எங்களைப் பார்த்துமா நிக்காம போனான்? நீ வழி சொல்லலையா தம்பி?

– சொன்னேன். எல்லாக் கள்ளியும் ஒரு பக்கம் சாஞ்சிருக்கும், ஒண்ணே ஒண்ணு மட்டும் எதிர்ப்பக்கம் சாஞ்சிருக்கும், அங்க திரும்புன்னேன். எங்க வீட்டுக்கு வர்ற எல்லாருக்கும் அப்படித்தான் சொல்லுவேன். அப்படி ஒண்ணையும் காணோம்னு போய்க்கிட்டே இருந்தான்.

– என்னங்க...

– என்ன?

– அதைத் திருப்பிட்டோம். இப்போதான். தெற்கே.

– ஏன்?

– உங்களைக் குழப்பிடுச்சே. வாசல் வரைக்கும் வந்தவரைக் குழப்பிடுச்சே. என்னாலதானே. கால்தடத்தைப் பார்த்தேன் நான்.

– குழப்பமா? தண்ணி வேணும், அக்கா. ஒரு வாய். ம். கேளு. ரெண்டாம் நாளு எத்தனை கள்ளியைத் தடவினேன்னு தெரியாது. ஒவ்வொண்ணும் என்னை விட்டு விலகி முன்னால சாஞ்சிருந்துச்சு. போ, போன்னு. எவ்வளவு தூரம் போறது? கண்ணு தெரியலை. கத்த நாக்கு வரலை. கடைசியில ஒண்ணு என் மேல சாஞ்சுச்சு. நெஞ்சுல வந்து முட்டுச்சு.

– இதுவா?

– இப்படிச் சாயிறது இந்த நாட்டுலயே ஒண்ணுதான் இருக்கு. ஆனாலும் நம்ப முடியலை. சுத்திச் சுத்தி வந்தேன், அந்தத் தழும்பைத் தேடி. கையில பட்டுச்சு. சிரிச்சேன்னு நெனைக்கிறேன். அது பழத்தைத்தான் தின்னேன், ஏழெட்டு இருக்கும். புளிப்பு. உயிர் வந்துச்சு.

– பார்த்தியா புள்ள, காட்டுப் பன்னி.

– அது சாஞ்ச பக்கம் வீடுன்னு தெரியும். இருபது அடி வச்சுப் பார்த்தேன். கால் மடங்கிடுச்சு. நடுவுல விழுந்தா யாருக்கும் தெரியாது. அதனால திரும்பி வந்து அது காலடியிலயே உட்கார்ந்துட்டேன்.

– அங்கேயே ஏன்? ராத்திரி முழுக்க?

– விடிஞ்சதும் நீ காப்பி ஊத்த வருவேல்ல.

– மதினி, அந்தக் கயித்தை அவுத்துடாதீங்க. வடக்குப் பக்கமா வீசுங்க.